திரையில் சித்தி, வீட்டில் சித்தி

(நம் முன்னாள் மாணவர் சங்க ஆண்டுக் கூடுகையில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



சங்கச் செயலாளர் போன் செய்து, "மேடம், சினிமா பத்தி ஏதாவது பேசுங்க, சாப்பாட்டுக்கு முன்னாடி கொஞ்சம் கலகலப்பா இருக்கும்" என்றார். சரி என்று ஒப்புக்கொண்டேன். நான் சினிமாக்காரி இல்லை. சிதம்பரத்தில் ஒரு பள்ளியில் முப்பது வருஷம் தமிழ் சொல்லிக் கொடுத்து ஓய்வு பெற்றவள். எனக்கு இன்னொரு தகுதியும் உண்டு. 1985-இல் எனக்குக் கல்யாணம் ஆனபோது அந்த வீட்டில் எட்டு வயதில் ஒரு பையனும் ஐந்து வயதில் ஒரு பெண்ணும் இருந்தார்கள். அவர்களுக்கு நான் சித்தி. ஆகவே தமிழ் சினிமாவில் சித்திகளும் மாற்றாந்தகப்பன்களும் எப்படி வருகிறார்கள் என்பதையே இன்றைக்கு எடுத்துக்கொள்கிறேன்.

முதலில் சொல்லிலிருந்து ஆரம்பிக்கிறேன். தமிழாசிரியை ஆயிற்றே, பழக்கம் விடுமா! அப்பாவின் இரண்டாவது மனைவிக்கு நம்மிடம் எத்தனை சொற்கள் பாருங்கள். மாற்றாந்தாய், சிற்றன்னை, சின்னம்மா, சித்தி, இளைய தாரம். அம்மாவின் இரண்டாவது கணவருக்கு? "மாற்றாந்தந்தை" என்று எழுதலாம். ஆனால் எந்தத் தெருவிலாவது, எந்தக் குழந்தையாவது அந்தச் சொல்லைச் சொல்லிக் கேட்டதுண்டா? அங்கிள் என்பார்கள், மாமா என்பார்கள், இல்லாவிட்டால் ஒன்றுமே சொல்லாமல் சமாளிப்பார்கள்.

இதற்குக் காரணம் உண்டு. மனைவி இறந்த ஆண், வருஷம் திரும்புவதற்குள் மறுமணம் செய்துகொள்வது இங்கே சகஜம். விதவைக்கு அது வாய்க்கவில்லை. 1856-இல் வந்த இந்து விதவை மறுமணச் சட்டம் மறுமணத்தை அனுமதித்தது. ஆனால் மறுமணம் செய்துகொண்டால் முதல் கணவரின் சொத்தில் அவளுக்கிருந்த உரிமை போய்விடும். பிள்ளைகளைத் தங்கள் பொறுப்பில் விடும்படி கணவர் வீட்டார் கோர்ட்டைக் கேட்கவும் அந்தச் சட்டத்தில் வழி இருந்தது. பிள்ளையை விட்டுவிட்டுத்தான் வாழப் போக வேண்டும் என்றால் எத்தனை பேர் போவார்கள்? மாற்றாந்தகப்பன் என்ற உறவே அரிதாக இருந்தது. அதனால்தான் சொல்லும் வேர் பிடிக்கவில்லை.

மாற்றாந்தாய் என்ற சொல்லுக்கோ நல்ல கிராக்கி! "மாற்றாந்தாய் மனப்பான்மை" என்ற தொடர் இல்லாமல் நம் ஊர் அரசியல் மேடை உண்டா? கடைமடைக்குக் காவிரித் தண்ணீர் வந்து சேரவில்லை என்றாலும், ரயில் விடவில்லை என்றாலும், நிதி ஒதுக்கவில்லை என்றாலும் திட்டு வாங்குவது என்னவோ நாங்கள்தான். காவிரிக்கும் எங்களுக்கும் என்னங்க சம்பந்தம்? (சிரிப்பு)

சினிமாவும் நெடுங்காலம் இப்படித்தான் பேசியது. அங்கே எங்களுக்கு இரண்டே வேஷம். ஒன்று பேய், மற்றது தெய்வம். நடுவில் மனுஷிக்கு இடம் கிடையாது.

தெய்வத்துக்கு உதாரணம், கே.எஸ். கோபாலகிருஷ்ணன் இயக்கி 1966-இல் வந்த 'சித்தி'. தம்பியின் படிப்புக்காகத் தன் ஆசைகளையெல்லாம் விட்டுக்கொடுத்து, பல பிள்ளைகள் உள்ள வயதான எம்.ஆர். ராதாவுக்கு இரண்டாந்தாரமாகப் போகிறார் பத்மினி. அந்தப் படத்தை இன்று பார்த்தாலும் கண் கலங்கும். ஆனால் ஒரு பெண் நல்ல சித்தி என்று பேர் வாங்க எவ்வளவு இழக்க வேண்டியிருக்கிறது!

பேய்க்கு உதாரணம், 1987-இல் பாக்யராஜ் நடித்த 'எங்க சின்ன ராசா'. சொத்துக்காகச் சதி செய்யும் சித்தி, அவளைத் தாயாகவே நம்பும் வெள்ளந்தி மகன், அவளுடைய சூழ்ச்சியை முறியடிக்கும் மருமகள். இந்தக் கதை ஊர் ஊராகப் போன கதை. கன்னடத்தில் 1969-இல் 'மல்லம்மன பவாட' என்று வந்தது. தமிழுக்கு வந்து, பிறகு இந்தியில் 1992-இல் 'பேட்டா' என்று ஓடியது. மொழி மாறியது, ஊர் மாறியது, சித்தி மட்டும் மாறவில்லை.

இந்த இரண்டுக்கும் நடுவில் 1983-இல் வந்தது 'முந்தானை முடிச்சு'. மனைவியை இழந்த வாத்தியார், கைக்குழந்தையோடு ஊருக்கு வருகிறார். வருகிறவள் பிள்ளையைக் கொடுமைப்படுத்துவாளோ என்ற பயம் அவருக்கு. அந்தப் பயத்தைப் போக்க, தனக்கென்று பிள்ளையே வேண்டாம் என்று ஆபரேஷனுக்குக் கிளம்பிவிடுகிறாள் ஊர்வசி. தியேட்டரில் கைதட்டல் அள்ளிக்கொண்டு போனது. எனக்கும் படம் பிடிக்கும், பொய் சொல்ல மாட்டேன். ஆனால் யோசித்துப் பாருங்கள். பிறர் பெற்ற பிள்ளையை வளர்க்க வந்தவள், தன் வயிற்றையே பணயம் வைத்தால்தான் நம்புவோம் என்றால் அது என்ன நியாயம்?

இந்த இடத்தில் நம் வீட்டுக் கதை ஒன்று. 'எங்க சின்ன ராசா' சிதம்பரத்தில் ஓடிக்கொண்டிருந்தபோது பிள்ளைகள் இரண்டு பேரையும் கூட்டிக்கொண்டு போனோம். பாக்யராஜ் படம், சிரித்துவிட்டு வரலாம் என்று போனதுதான். உள்ளே போனால், சித்தி வரும்போதெல்லாம் பெஞ்ச் டிக்கெட்டிலிருந்து ஒரே வசவு. இடைவேளையில் முறுக்கு வாங்கிக் கொடுத்தேன். சின்னது அதைக் கையில் வைத்துக்கொண்டே, "நீங்க அந்தம்மா மாதிரி பண்ண மாட்டீங்கல்ல?" என்று கேட்டது. பையன் உடனே, "சும்மா இருடி" என்று அவளை அதட்டினான். அவன் முகத்தைப் பார்த்தேன். அவனுக்கும் அதே கேள்விதான், வாய்விட்டுக் கேட்கவில்லை, அவ்வளவுதான். "முறுக்கச் சாப்பிடு, படம் ஆரம்பிக்கப் போவுது" என்றேன். வேறென்ன சொல்ல முடியும்? சத்தியம் செய்து தருவதற்கு அது என்ன கோர்ட்டா?

அன்றைக்கு ஒன்று புரிந்தது. சினிமாவில் சித்திக்கு ஒரே ஒரு பரீட்சை. ஒரு பெரிய தியாகம் செய்தால் பாஸ், ஒரு பெரிய சதி செய்தால் பெயில். வீட்டில் அப்படி இல்லை. தினமும் அட்டெண்டன்ஸ்! தலை பின்னி விடுவதில், டிபன் பாக்ஸ் கட்டுவதில், காய்ச்சல் ராத்திரியில், ரிப்போர்ட் கார்டில் கையெழுத்துப் போடுவதில் என்று அது பாட்டுக்கு நடக்கும். அதைப் படம் எடுத்தால் யார் பார்ப்பார்கள் என்று கேட்பீர்கள். பார்க்கும்படி எழுதியவர்கள் இருந்தார்கள். அவர்களில் இரண்டு பேர் நம் கடலூரில் பிறந்தவர்கள் என்பதைச் சொல்லத்தான் இவ்வளவு தூரம் சுற்றி வந்தேன்.

முதலாமவர் புதுமைப்பித்தன். திருநெல்வேலிக்காரர் என்றுதான் எல்லாரும் சொல்வோம். ஆனால் அவர் 1906-இல் பிறந்தது நம் திருப்பாதிரிப்புலியூரில். சிறு வயதிலேயே தாயை இழந்து, சிற்றன்னையோடு வளர்ந்தவர். அவர் எழுதிய நீண்ட கதை ஒன்றின் பெயரே 'சிற்றன்னை'. அந்தக் கதையைத் தொட்டுக்கொண்டு மகேந்திரன் 1979-இல் எடுத்த படம்தான் 'உதிரிப்பூக்கள்'. கதையைப் பெரிதும் மாற்றித்தான் எடுத்தார். ஆனாலும் தாயில்லாப் பிள்ளைகள் இரண்டு பேரின் முகம் படம் முழுக்க நம்மைப் பார்த்துக்கொண்டே இருக்கும்.

கவனித்துப் பாருங்கள். மூலக்கதையின் பெயர் 'சிற்றன்னை'. ஆனால் படத்தில் கொடுமைக்காரர் யார்? பெற்ற அப்பா, சுந்தரவடிவேலு! ஊரே மதிக்கும் மனிதர், வெள்ளை வேட்டி சட்டை, அமைதியான பேச்சு. மனைவி நோயாளியாக இருக்கும்போதே மைத்துனியைக் கட்டிக்கொடுக்கச் சொல்லி மாமனாரைக் கேட்கிறவர். கடைசியில் ஊர் கூடி அவரை ஆற்றில் இறக்குகிறது, பிள்ளைகள் கரையில் நிற்கின்றன. "தாய் செத்தால் தகப்பன் சித்தப்பன்" என்று நம் பாட்டிகள் சொல்வார்கள். பழமொழியின் விரல் சித்தியை நோக்கி நீளவில்லை, தகப்பனை நோக்கித்தான் நீள்கிறது. பாட்டிகளுக்குத் தெரிந்தது சினிமாவுக்குத் தெரிய 1979 வரை ஆயிற்று.

வெளிநாட்டிலும் இந்த வேலை நடந்திருக்கிறது. ஜெர்மனியின் கிரிம் சகோதரர்கள் தொகுத்த கதைகளில் 'ஸ்னோ ஒயிட்' இருக்கிறதே, 1812-இல் வந்த முதல் பதிப்பில் அந்தப் பெண்ணைக் கொல்லச் சொன்னவள் பெற்ற தாய்தான். பிந்தைய பதிப்பில், 1819-இல், அவளை மாற்றாந்தாய் ஆக்கிவிட்டார்கள். பெற்றவள் அப்படிச் செய்வாள் என்று எழுத மனம் வரவில்லை போலிருக்கிறது. அந்தப் பழியை இறக்கி வைக்க ஓர் ஆள் வேண்டியிருந்தது, எங்கள் தலை அகப்பட்டது. 1937-இல் வால்ட் டிஸ்னி அதையே படமாக எடுத்து உலகமெல்லாம் கொண்டுபோய்ச் சேர்த்தார்.

இரண்டாமவர் ஜெயகாந்தன். 1934-இல் மஞ்சக்குப்பத்தில் பிறந்தவர், ஞானபீடம் வாங்கியவர். அவரே எழுதி, அவரே இயக்கி 1965-இல் வந்த படம் 'உன்னைப்போல் ஒருவன்'. 1964-ஆம் ஆண்டுக்கான தேசிய விருதுகளில் மூன்றாவது சிறந்த படம் என்ற நற்சான்று பெற்றது. அந்த ஆண்டு முதலிடம் சத்யஜித் ராயின் 'சாருலதா'வுக்கு. அந்த வரிசையில் நின்ற படம் அது.

சென்னையில் ஒரு சேரி. தங்கம் என்ற சித்தாள், அவள் மகன் சிட்டி. அவள் வாழ்க்கையில் மாணிக்கம் என்ற கிளி ஜோசியன் வருகிறான். பையனுக்கு அவனைப் பிடிக்கவில்லை. அவ்வளவுதான் கதை. அந்த மாணிக்கம் கெட்டவன் இல்லை, தங்கமும் தவறு செய்தவள் இல்லை, பையனும் பொல்லாதவன் இல்லை. மூன்று பேருக்கும் நியாயம் இருக்கிறது, அதனாலேயே மூன்று பேருக்கும் நிம்மதி இல்லை. மாணிக்கம் விலகிப் போகிறான். தங்கம் ஒரு பெண் குழந்தையைப் பெற்றுவிட்டு இறந்துபோகிறாள். அந்தக் குழந்தையைச் சிட்டி தன் தங்கையாக ஏற்றுக்கொள்கிறான். ஒரு குழந்தைக்கு "வேண்டாம்" என்று சொல்லும் உரிமை உண்டு, அதற்கு நாம் கோபப்படக் கூடாது என்று எனக்குச் சொல்லிக்கொடுத்தது அந்தக் கதை.

இதே கேள்வியை நடுத்தரக் குடும்பத்துக்குக் கொண்டுவந்தது 1990-இல் வசந்த் இயக்கிய 'கேளடி கண்மணி'. மனைவியை இழந்த எஸ்.பி. பாலசுப்ரமணியம், டீச்சராக ராதிகா. இரண்டு பேரும் கல்யாணம் செய்துகொள்ள நினைக்கும்போது மகள் தடுக்கிறாள், கல்யாணம் நின்றுவிடுகிறது. வருஷங்கள் கழித்து, நோயோடு போராடும் அதே மகள்தான் அவர்களைச் சேர்த்துவைக்கப் பாடுபடுகிறாள். சின்ன வயதில் சொன்ன "வேண்டாம்" என்பதைப் பெரியவளானபின் அவளே எடுத்துப் பார்க்கிறாள். அந்த நேர்மை எனக்குப் பிடித்தது.

இனி புதிய படங்கள். இப்போது மாற்றாந்தகப்பனும் திரைக்கு வந்துவிட்டார். 2006-இல் 'வேட்டையாடு விளையாடு', கமல்ஹாசன் மணக்க விரும்பும் ஜோதிகா விவாகரத்தானவர், ஒரு குழந்தைக்குத் தாய். 2015-இல் 'என்னை அறிந்தால்', விவாகரத்தான திரிஷாவின் மகளை அஜித்குமார் தன் மகளாகவே வளர்க்கிறார். இரண்டையும் இயக்கியவர் கௌதம் மேனன். விவாகரத்தான பெண்ணுக்கு ஒரு வாழ்க்கை உண்டு, அவள் குழந்தை அதற்குத் தடையில்லை என்று பெரிய ஹீரோக்களின் படத்திலேயே சொன்னது சின்ன விஷயமில்லை. 2019-இல் ராம் இயக்கிய 'பேரன்பு', மூளை முடக்குவாதம் உள்ள மகளும் அப்பா மம்மூட்டியும் வாழும் வாழ்க்கையில், முடிவில் மீரா என்ற திருநங்கை வந்து சேர்கிறார். பதினைந்து வருஷத்துக்கு முன்னால் இதை யாராவது நினைத்திருப்போமா?

ஆனாலும் ஒரு குறை. பாருங்கள், 'என்னை அறிந்தால்' படத்தில் கல்யாணத்துக்கு முன்பே அம்மா கொல்லப்படுகிறாள். ஹாலிவுட்டில் 1998-இல் வந்த 'ஸ்டெப்மாம்' படத்திலும், அதை இந்தியில் 2010-இல் எடுத்த 'வி ஆர் ஃபேமிலி'யிலும் பெற்றவள் புற்றுநோயோடு விடைபெறுகிறாள். 'வேட்டையாடு விளையாடு' அவர்கள் சேர்வதோடு முடிந்துவிடுகிறது. யாராவது ஒருத்தர் சாக வேண்டும், இல்லாவிட்டால் 'சுபம்' போட வேண்டும்! எங்கள் மாதிரி வீடுகளின் கதை 'சுபம்' போட்டபிறகுதான் ஆரம்பமாகிறது.

உதாரணத்துக்கு ஒன்று சொல்கிறேன். எங்கள் வீட்டுக் கூடத்தில் பிள்ளைகளின் அம்மா படம் மாட்டியிருக்கிறது. வருஷா வருஷம் திதி வரும். பையன் உட்கார்ந்து செய்வான், சமையல் நான். அந்தம்மாவுக்குப் பிடித்தது வாழைக்காய்ப் பொரியல் என்று அவர்களுடைய ஆயா சொல்லித் தெரிந்துகொண்டு, அன்றைக்கு அதைத் தவறாமல் செய்வேன். முகமே பார்த்திராத ஒருத்திக்கு, அவள் பிள்ளைகளுக்காக, அவள் அடுப்பில் நான் சமைக்கிறேன். அந்த நாளில் என் மனசுக்குள் ஓடுவதை எந்தப் படத்திலும் நான் பார்த்ததில்லை.

இன்னொன்று, கூப்பிடும் முறை. பெண் முதல் மாதமே "சித்தி" என்றாள். பையன் மூன்று வருஷம் எதுவுமே சொல்லிக் கூப்பிடவில்லை. "இந்தாங்க", "உங்களைத்தான் கேக்கறாங்க" என்றே ஓட்டிவிட்டான். தமிழில் அந்த வசதி இருக்கிறது பாருங்கள், பெயரோ முறையோ சொல்லாமலே ஒருவரோடு வருஷக்கணக்கில் பேசலாம்! நான் வற்புறுத்தவில்லை. பதினோரு வயதில் ஒருநாள் கடலூர் ஓ.டி. ஸ்டேஷனில், கூட்டத்தில் நான் வேறு பெட்டியில் ஏறப் போக, "சித்தி, இங்க!" என்று கத்தினான். ரயில் கிள்ளை தாண்டும்வரை நான் ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டு வந்தேன்.

சினிமா தொடாத மற்றொரு விஷயம் சட்டம். இது உங்களில் பலருக்குப் பயன்படும், குறித்துக்கொள்ளுங்கள். இந்து வாரிசுரிமைச் சட்டம், 1956-இன்படி ஒரு பெண் உயில் எழுதாமல் இறந்தால், முதல் வரிசை வாரிசுகள் கணவரும் அவள் மகன் மகள்களும்தான். கணவரின் முதல் தாரத்துப் பிள்ளைகள் அந்த 'மகன்' என்ற சொல்லுக்குள் வரமாட்டார்கள், 'கணவரின் வாரிசுகள்' என்ற அடுத்த வரிசையில்தான் வருவார்கள் என்று உச்ச நீதிமன்றம் 1987-இல் தீர்ப்புச் சொல்லியிருக்கிறது. ஆனால் பெற்றோர், மூத்த குடிமக்கள் பராமரிப்புச் சட்டம், 2007 மட்டும், 'பெற்றோர்' என்றால் மாற்றாந்தாயும் மாற்றாந்தந்தையும் சேர்த்திதான் என்கிறது. ஆக, வளர்த்தவளைப் பார்த்துக்கொள்வதில் பிள்ளை, அவள் சொத்துக்கு வரும்போது பின்வரிசை! இந்தச் சிக்கலுக்கு நாம் செய்யக்கூடியது எளிது. உயில் எழுதி வையுங்கள். நான் எழுதிவிட்டேன்.

இதையெல்லாம் ஏன் இந்த மேடையில் சொல்கிறேன்? 2004 டிசம்பர் 26 நம் மாவட்டத்துக்கு மறக்க முடியாத நாள். தேவனாம்பட்டினம், சாமியார்பேட்டை, கிள்ளைப் பக்கம் என்று கரை நெடுகக் கடல் ஏறி, கடலூர் மாவட்டத்தில் மட்டும் 600-க்கும் மேற்பட்டவர்களைக் கொண்டுபோயிற்று. தாயை இழந்த பிள்ளைகள் எத்தனையோ. மறுமணம் செய்துகொண்ட தகப்பன்மார்களும் உண்டு. என் வகுப்பிலேயே அப்படிப்பட்ட பிள்ளைகள் இருந்தார்கள். சுனாமிக்கு மறுவருஷம் ஒரு பெண், விண்ணப்பத்தில் 'தாயார் பெயர்' என்ற இடத்துக்கு வந்ததும் பேனாவை மூடிவிட்டு, "டீச்சர், எந்த அம்மா பேரு எழுதறது?" என்று கேட்டாள். வகுப்பில் இரண்டு பேர் சிரித்தார்கள். கெட்ட எண்ணத்தோடு சிரிக்கவில்லை, அவர்களும் அதே சினிமாவைப் பார்த்து வளர்ந்த பிள்ளைகள்தான். பெற்ற அம்மாவின் பெயரையே எழுதச் சொன்னேன். கையெழுத்துப் போட அவளுடைய சித்தி வந்தார். மீன் கூடையைப் பள்ளி வாசலில் இறக்கி வைத்துவிட்டு, முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு, அந்தப் பெயருக்குக் கீழே தன் கையெழுத்தை எழுத்துக்கூட்டிப் போட்டார்.

அந்தம்மாவைப் படமாக எடுக்க ஒருத்தர் வர வேண்டும். பேயாகவும் வேண்டாம், தெய்வமாகவும் வேண்டாம். மீன் கூடையோடு, அப்படியே.

மாணவச் செல்வங்களே, உங்களில் சிலர் இன்று செல்போனிலேயே குறும்படம் எடுக்கிறீர்கள். உங்களுக்கு என் முதல் வேண்டுகோள் அதுதான். புதுமைப்பித்தனும் ஜெயகாந்தனும் பிறந்த மண்ணில் படிக்கிறீர்கள், கதைக்குப் பஞ்சமில்லை. இரண்டாவது வேண்டுகோள் எல்லாருக்கும். உங்கள் நண்பன் வீட்டுக்குப் போனால், "இவங்க உன் சொந்த அம்மாவா?" என்று கேட்காதீர்கள். அவனே சொல்லும்வரை பொறுங்கள். மூன்றாவது, இங்கே வந்திருக்கும் ஆசிரிய நண்பர்களுக்கு. உங்கள் வகுப்பில் அப்படி ஒரு பிள்ளை பேனாவை மூடிவைத்தால், அருகில் போய் நில்லுங்கள். அரசியல் மேடையில் பேசும் நண்பர்கள் யாராவது இருந்தால், நிதி வராததற்கு வேறு உவமை தேடிக்கொள்ளும்படி எங்கள் சார்பில் கேட்டுக்கொள்கிறேன்! (சிரிப்பு, கைதட்டல்)

செயலாளர் கடிகாரத்தைப் பார்க்கிறார், சாம்பார் வாசனையும் வந்துவிட்டது. பின்வரிசையில் உட்கார்ந்திருக்கும் என் மகனுக்கும் மகளுக்கும் நன்றி கூறி அமர்கிறேன்.